முளைப்பாரிக்குச் சீல் வைத்த சித்திரை

அரக்கு உருகுகிற வாடை சின்ன வயதில் எனக்குப் பிடிக்கும். தபால் ஆபீஸில் மூட்டைக்கு முத்திரை வைப்பதை நின்று வேடிக்கை பார்ப்பேன். இப்போது அந்த வாடை பட்டாலே வயிறு எரிகிறது.

எங்கள் அம்மன் கோயிலை ஒட்டி ஒரு சின்ன அறை உண்டு. ஜன்னல் கிடையாது. ஒரு சித்திரை மாதம், கோயில் கொடைத் திருவிழாவுக்கு ஐந்து நாள் இருக்கும்போது, வியாழக்கிழமை காலையில் அந்த அறையின் பூட்டைத் துணியால் சுற்றி, மேலே அரக்கை உருக்கி ஊற்றி முத்திரை குத்தினார்கள். உள்ளே இருபத்தொரு முளைப்பாரி இருந்தது.

வெளியே தண்ணீர்க் குடத்தோடு பெண்கள் நின்றார்கள். மணி பத்துகூட ஆகவில்லை. அதற்குள் உப்பளத்திலிருந்து வருகிற வெள்ளை வெளிச்சத்தில் கண் கூசியது.

"சார், உள்ள பயிரு கெடக்கு. இன்னைக்கு இன்னும் தண்ணி தெளிக்கல," என்றார் எனக்கு அண்ணி முறையான செல்லக்கனி மதினி.

"கோர்ட் ஆர்டரும்மா. ரெண்டு தரப்பும் உள்ள போகக் கூடாது," என்றார் வந்திருந்த அதிகாரி.

"நாங்க எந்தத் தரப்பும் இல்ல சார். பாரி போட்ட பொம்பளைங்க."

"எனக்கென்னம்மா ஆசையா? சொன்னதைச் செய்யுதேன்."

என் மனைவி பேச்சி சும்மா இருப்பாளா? "உள்ள ஆத்தாவும்லா இருக்கா. அவ எந்தத் தரப்பு சார்? அவளையும் வெளிய வரச் சொல்லுங்க," என்றாள். போலீஸ்காரர் ஒருவர் சிரிப்பை அடக்கிக்கொண்டு அந்தப் பக்கம் திரும்பினார்.

நான் பாதி கட்டின பந்தலின் மூங்கிலைப் பிடித்துக்கொண்டு நின்றேன். உண்மையைச் சொல்ல வேண்டும். அந்த நேரம் எனக்குச் சந்தோஷமாகத்தான் இருந்தது. 'நம்ம மனு ஜெயிச்சிட்டு' என்று நினைத்தேன்.

இந்தத் தொடரில் இதுவரை கடை, கல்யாணம், பிள்ளைகள் என்று எழுதி வந்தேன். படித்தவர்கள் நல்லபடியாகத்தான் சொன்னீர்கள். இந்த வாரம் அப்படி எழுத வரவில்லை. எட்டாம் வகுப்போடு நின்றவன் நான். கோபத்தை அழகாக எழுத எனக்குத் தெரியாது. வந்தபடியே எழுதுகிறேன்.

ஒரே சுளகில் எல்லா வீட்டுப் பயறும்

முத்தையாபுரத்தைத் தாண்டி, துறைமுக ரோட்டிலிருந்து உள்ளே ஒதுங்கின ஊர் எங்களுடையது. மேலத்தெரு, கீழத்தெரு என்று இரண்டே தெரு. எல்லாரும் ஒரே கூட்டம்; கொடுத்து எடுத்த சொந்தம். நான் கீழத்தெரு. லாரிக்கும் உப்பளத்துக்கும் கயிறு, தார்ப்பாய் விற்கிற கடை வைத்திருக்கிறேன்.

கொடைக்குப் பத்து நாள் முன்னால் முளைப்பாரி போடுவார்கள். கோயிலுக்கு வரி கொடுக்கிற ஒவ்வொரு வீட்டிலும் ஒரு கைப்பிடி பயறு வாங்குவார்கள். பாசிப்பயறு, தட்டாம்பயறு, மொச்சை, எது இருக்கிறதோ அது. எல்லாவற்றையும் ஒரே சுளகில், அகலமான முறத்தில், கொட்டிக் கலந்துவிடுவார்கள். எந்தப் பயறு யார் வீட்டுப் பயறு என்று அப்புறம் அம்மனுக்கே தெரியாது என்பார் மதினி.

அதை மண்ணும் எருவும் வைக்கோலும் போட்ட பானைகளில் தூவி, அந்த இருட்டு அறையில் வைத்து, விரதம் இருக்கிற பெண்கள் தினமும் தண்ணீர் தெளித்து வளர்ப்பார்கள். ஆண்கள் உள்ளே போவதில்லை. வெயில் படாமல் வளர்வதால் பயிர் வெளிர் மஞ்சளாக, பூ மாதிரி இருக்கும். கொடை அன்று சாயங்காலம் தலையில் வைத்து ஊரைச் சுற்றி வருவார்கள்.

அந்த வருடமும் இரண்டு தெருப் பெண்களும் சேர்ந்துதான் பயறு தூவினார்கள். பேச்சியும் ஒரு பானை வைத்தாள். பயறு தூவின அந்த ஞாயிற்றுக்கிழமையே கீழத்தெரு ஆண்கள் நாங்கள் ஒரு மாடியில் உட்கார்ந்து கேஸ் போடுவதைப் பற்றிப் பேசிக்கொண்டிருந்தோம். பெண்களிடம் ஒரு வார்த்தை சொல்லவில்லை.

முதல் பாரி

இருபத்தொன்றில் நடுவில் இருக்கிற பெரிய பானைதான் அம்மன் பாரி. அது முன்னால் போகும், மற்றது எல்லாம் பின்னால். அந்தப் பானையை எங்கள் ஊரில் புருஷனை இழந்தவள்தான் எடுக்க வேண்டும்.

வெளியூர்க்காரர்கள் கேட்டால் முகம் சுளிப்பார்கள். மற்ற ஊரில் அவர்களை ஓரத்தில் நிறுத்துவார்கள் என்று எனக்கும் தெரியும். எங்கள் வழக்கம் வேறு. ஒரு காலத்தில் ஊரில் அம்மை விளையாடி வீட்டுக்கு வீடு சாவு விழுந்ததாம். பாரி அறைப் பக்கமே யாரும் போகவில்லை. புருஷனையும் இரண்டு பிள்ளைகளையும் அந்த வாரமே பறிகொடுத்த ஒருத்தி, 'இனி என்கிட்ட எடுக்க என்னளா இருக்கு ஒனக்கு?' என்று அம்மனையே ஏசிக்கொண்டு உள்ளே போய்த் தண்ணீர் தெளித்தாளாம். பயிரும் பிழைத்தது, ஊரும் பிழைத்தது. அன்றிலிருந்து முதல் பாரி இழந்தவளுக்கு.

செல்லக்கனி மதினியின் புருஷன் எங்களுக்கெல்லாம் பெரிய அண்ணாச்சி. இருபது வருடத்துக்கு மேல் கொடையை முன்னால் நின்று நடத்தினவர். அவர் நெஞ்சுவலியில் போன பிறகு மதினி வீட்டை விட்டு வெளியே வரவில்லை. ரேஷன் கடைக்குக்கூட அண்ணாச்சியின் தம்பி மகன் முருகன்தான் போவான். அதற்கு முன் முதல் பாரி எடுத்துக்கொண்டிருந்த கிழவியும் அண்ணாச்சி போன அதே வருடம் கண்ணை மூடிவிட்டாள். ஊர்ப் பெண்கள் போய் மதினி வீட்டு வாசலில் நின்றார்கள். "ஆத்தா ஒங்களைக் கூப்பிடுதா" என்றார்கள். அழுதுகொண்டே வந்தார். பாரியை இறக்கி வைக்கும்போது அழவில்லை. மறுநாள் என் கடைக்கே வந்து, "கொழுந்தனாரே, கொடிக்கயிறு நல்லதா அஞ்சு முழம் கொடும். ஒம்ம புத்தி மாதிரி நடுவுல அத்துப் போயிரக் கூடாது," என்று கேலி பேசினார். அந்தப் பானைதான் அவரைத் தெருவுக்குக் கொண்டுவந்தது. ஊரில் எல்லாருக்கும் அது தெரியும். எனக்கும் தெரியும்.

அவருக்கு முன்னால் எடுத்த அந்தக் கிழவி யார் தெரியுமா? எங்கள் கீழத்தெரு தங்கராஜ் அண்ணாச்சியின் சொந்தத் தாய்.

ஏழு கையெழுத்து

பெரிய அண்ணாச்சி போன பிறகு கொடையை யார் நடத்துவது என்பதுதான் சண்டை. மேலத்தெருவில் முருகனை நிறுத்தினார்கள். நாங்கள் வருடம் மாற்றி வருடம் எங்களுக்கு வேண்டும் என்றோம். எங்கள் பக்கம் நியாயமே இல்லை என்று இப்போதும் சொல்ல மாட்டேன். அப்படி ஒரு வாய்ப்பேச்சு முன்பு இருந்தது உண்மை. ஆனால் உட்கார்ந்து பேசியிருந்தால் ஒரு சாயங்காலத்தில் தீர்ந்திருக்கும். கொடை நோட்டீஸில் எவன் பெயர் மேலே, எவன் பெயர் கீழே என்று ஆரம்பித்து, சட்டையைப் பிடித்து, சமாதானக் கூட்டத்தில் நாற்காலியைத் தள்ளி, கடைசியில் கோர்ட் படி ஏறினோம். அம்மன் வாசல் படியை மிதிக்கக் கூசுகிற கால், அந்தப் படி ஏறக் கூசவில்லை.

தங்கராஜ் அண்ணாச்சி நான்கு லாரி வைத்திருக்கிறவர். கீழத்தெருவில் அவர் சொல்லுக்கு மறு சொல் இல்லை. திங்கட்கிழமை காலை, உப்பு லாரிக்குக் கயிறு அளந்துகொண்டிருந்தபோது ஒரு கட்டுத் தாளோடு கடைக்கு வந்தார்.

"ஏலே, ஒரு கையெழுத்து போடு. ஆறு பேரு போடுதோம். நீயும் ஒரு ஆளு."

"என்ன அண்ணாச்சி எழுதியிருக்கு?"

"நம்ம உரிமையக் கேட்டிருக்கு. வக்கீலு சும்மா நச்சுனு எழுதியிருக்காரு. டீ சொல்லுலே முதல்ல."

எல்லாம் இங்கிலீஷ். எனக்கு என் பெயரை மட்டும் கண்டுபிடிக்கத் தெரிந்தது. அச்சு மாதிரி டைப் அடித்து, அப்பா பெயரோடு இருந்தது. எனக்குப் பெருமையாக இருந்ததையும் இங்கே எழுதித்தான் ஆக வேண்டும். கயிற்றுத் தூசி படக் கூடாதே என்று கையை வேட்டியில் துடைத்துக்கொண்டு, ஏழு பக்கத்திலும் தமிழில் அழகாகக் கையெழுத்துப் போட்டேன். டீயும் என் கணக்கில்தான்.

ஒன்பதாவது பாரா

சீல் வைத்த மறுநாள், வெள்ளிக்கிழமை, முருகன் கடைக்கு வந்தான். உரக் கம்பெனியில் காண்ட்ராக்ட் வேலை பார்க்கிற பையன், நன்றாகப் படித்தவன். அவர்கள் பக்கத்துக்கு வந்த மனு நகலைக் கல்லா மேல் வைத்தான்.

"சித்தப்பா, ஒங்க கையெழுத்து குண்டு குண்டா ரொம்ப அழகா இருக்கு. அதான் பாத்துட்டுப் போலாம்னு வந்தேன்."

"என்னடே, கேலியா?"

"இல்ல. ஒன்பதாவது பாராவ வாசிச்சுக் காட்டுதேன். கேளுங்க."

ஒவ்வொரு வரியாகத் தமிழில் சொன்னான். எங்கள் கோயிலில் ஆதிகாலம் தொட்டு முதல் பாரியைச் சுமங்கலிகளே எடுத்து வருகிறார்கள். விதவைகள் பாரி அறைக்குள் நுழைவது வழக்கத்துக்கும் சாஸ்திரத்துக்கும் விரோதம். செல்லக்கனி என்கிற விதவை நுழைந்ததால் அறை தீட்டுப்பட்டது. அதனால் ஊர் மக்கள் மனம் புண்பட்டுக் கலவரம் வரக்கூடிய நிலை இருக்கிறது. ஆகவே அறையை உடனே அடைக்க வேண்டும்.

கீழே என் கையெழுத்து.

"இத வாசிச்சுத்தான் சீல் வச்சிருக்காவ," என்றான் முருகன். "பெரியம்மைக்கு இன்னும் நான் சொல்லல. நீங்களே வந்து சொல்லுதேளா?"

 கடையைப் போட்டது போட்டபடி தங்கராஜ் அண்ணாச்சி வீட்டுக்கு ஓடினேன். அவர் தோசை சாப்பிட்டுக்கொண்டிருந்தார்.

"அண்ணாச்சி, ஒன்பதாவது பாராவுல என்ன எழுதியிருக்குன்னு தெரியுமா ஒங்களுக்கு?"

"தெரியும். அதாம்லே ஸ்ட்ராங் பாயிண்ட்டு. மத்ததெல்லாம் வருசக்கணக்கா இழுக்குமாம். இதுக்கு ஒடனே தடை கெடைக்கும்னு வக்கீலு சொன்னாரு. கெடைச்சிச்சா இல்லையா?"

"பொய்யில்லா அது? ஒங்கம்மாவே எத்தன வருசம் எடுத்தாவ! என் கல்யாணம் ஆன வருசம் ஒங்கம்மா கையாலதாம்லா பேச்சிக்குத் திருநீறு பூசினாவ!"

தட்டைப் பார்த்துக்கொண்டே சொன்னார்: "அம்மாதான் இப்ப இல்லையே."

 வக்கீலுக்கு எங்கள் ஊர் தெரியாது; ஊருலகத்தில் இருக்கிற மாதிரி எழுதிவிட்டார். அவரை விடுங்கள். பெற்ற தாய் தலையில் பாரி வைத்துப் போனதைப் பின்னால் நின்று கும்பிட்டவர் இந்தத் தங்கராஜ். ஒரு நோட்டீஸில் தன் பெயர் மேலே வர வேண்டும் என்று அந்தத் தாயையே தீட்டு என்று எழுத விட்டார். கையெழுத்துப் போட்ட ஆறு பேரில் ஒருவனுக்குக்கூட இந்த வழக்கம் தெரியாமல் இல்லை. தங்கராஜைத் தவிர மற்ற ஐந்து பேரில் ஒருவன்கூட வாசிக்கவில்லை. என்னையும் சேர்த்துத்தான் சொல்கிறேன்.

சனி, ஞாயிறு

வெள்ளிக்கிழமை மதியம் கோர்ட்டுக்குப் போனேன். மேலத்தெரு வக்கீல் தடையை நீக்க மனு கொடுத்திருந்தார். திங்கட்கிழமைதான் எடுப்பார்கள் என்றார்கள். சனியும் ஞாயிறும் கோர்ட் லீவு.

சித்திரை வெயிலுக்கு லீவு கிடையாது. தகர ஷீட் போட்ட அறை அது. மதியத்துக்குக் கதவில் கை வைத்தால் சுடும். பெண்கள் விரதத்தோடு கதவுக்கு வெளியே உட்கார்ந்தே இருந்தார்கள். கதவுக்குக் கீழே இருக்கிற சந்து வழியாக ஒருத்தி செம்புத் தண்ணீரை ஊற்றப் பார்த்தாள். காவலுக்கு நின்ற போலீஸ்காரப் பெண், "வேண்டாங்க்கா, என் வேலை போயிரும்," என்று கெஞ்சினாள்.

மதினியிடம் நான் போய்ச் சொல்லவில்லை. தைரியம் இல்லை. முருகன்தான் சொன்னான். 'தீட்டு' என்ற வார்த்தையைக் கேட்டதும் கதவுப் பக்கம் உட்கார்ந்திருந்தவர் எழுந்து, கொஞ்ச தூரம் தள்ளிப் போய் உட்கார்ந்தாராம். பேச்சி வந்து இதைச் சொல்லிவிட்டு என்னைப் பார்த்தாள்.

"எம் பானையும் உள்ளதான் காயுது. ஒரு வார்த்த என்கிட்ட கேட்டேளா? கயிறு விக்கும்போது அரை முழம் கூடப் போயிரக் கூடாதுன்னு மூணு தடவ அளக்கேளே. ஏழு பக்கத்துல ஒரு பக்கத்த யாருகிட்டயாவது வாசிக்கச் சொல்லத் தெரியலையா?"

இரண்டு நாள் வீட்டில் எனக்குச் சோறு மட்டும்தான் போட்டாள். 

ஞாயிறு சாயங்காலம் கோயிலுக்குப் போனேன். அம்மன் முகத்தை நேரே பார்க்க முடியவில்லை. பாதத்தைப் பார்த்துக்கொண்டு, 'நாளைக்கு நாக்கு ஒளறாம இருக்கணும் தாயே' என்று மட்டும் கேட்டேன்.

நான் பேசினது

திங்கட்கிழமை கோர்ட்டில் எங்கள் வக்கீல் ஒன்பதாவது பாராவைத்தான் பிடித்துக்கொண்டு பேசினார். மேலத்தெரு வக்கீல் மறுத்துப் பேசினார். இரண்டும் இங்கிலீஷில் நடந்தது. நான் பின்னால் நின்று கையைத் தூக்கினேன். தங்கராஜ் அண்ணாச்சி என் வேட்டியைப் பிடித்து இழுத்தார். "கோட்டிக்காரப் பயலே, உக்காருலே," என்றார். உட்காரவில்லை.

நீதிபதி ஒரு அம்மா. "யார் நீங்க?" என்று கேட்டார்.

"மனுவுல நாலாவது கையெழுத்து என்னுதும்மா. ஒன்பதாவது பாரா பொய். எங்க ஊர்ல முதல் பாரிய இழந்தவங்கதான் எடுப்பாங்க. இந்த அண்ணாச்சியோட தாயாரும் எடுத்தவங்கதான்."

"பொய்னா ஏன் கையெழுத்துப் போட்டீங்க?"

"இங்கிலீஷ்ல இருந்ததும்மா. எனக்கு வாசிக்கத் தெரியாது."

"எனக்குத் தமிழில் வாசித்துக் காட்டப்பட்டது, புரிந்துகொண்டு கையெழுத்திடுகிறேன் என்று கீழே போட்டிருக்கிறதே?"

"அதுவும் இங்கிலீஷ்லதான்மா இருந்தது."

சிரிப்புச் சத்தம் கேட்டது. நீதிபதி சிரிக்கவில்லை. பொய்யான பிரமாணத்துக்கு என் மேல் நடவடிக்கை எடுக்கலாம், தெரியுமா என்று கேட்டார். எடுங்கள் அம்மா, கதவை மட்டும் இன்றைக்கே திறக்கச் சொல்லுங்கள் என்றேன். நான் சொன்னதை எழுதி வாங்கினார்கள். இந்தத் தடவை தமிழில். ஒவ்வொரு எழுத்தாக வாசித்துவிட்டுத்தான் கையெழுத்துப் போட்டேன்.

மதியம் உத்தரவு வந்தது. அறையைத் திறக்க வேண்டும். பாரி வழக்கப்படி போகலாம். முதல் பாரி செல்லக்கனிக்கு. கொடையை இந்த வருடம் அதிகாரி முன்னிலையில் நடத்த வேண்டும். யார் நடத்துவது என்ற மூல வழக்கு அப்படியே இருக்கும். அது இன்றைக்கும் இருக்கிறது. தங்கராஜ் அண்ணாச்சி விடவில்லை, மேலத்தெருவும் விடவில்லை. என் கடையில் கீழத்தெரு லாரி எதுவும் இப்போது கயிறு வாங்குவதில்லை. நடவடிக்கை என்று எனக்கு இன்னும் ஓலை வரவில்லை. வந்தால் போவேன்.

மூன்று மணிக்கு அரக்கை உடைத்தார்கள். கதவைத் திறந்ததும் அவித்த வைக்கோல் மாதிரி ஒரு வாடை வெளியே வந்தது. மதினி உள்ளே போகவில்லை. வாசலில் நின்று, "நான் நுழையலாமா சார்? எழுதியிருக்கா அதுல?" என்று அதிகாரியிடம் கேட்டார். அவர், "போங்கம்மா," என்று தலையைக் குனிந்துகொண்டார்.

ஓரத்துப் பானைகளில் பாதிக்குப் பாதி உயிர் இருந்தது. நடுவில் இருந்த அம்மன் பாரியில் பயறு நெருக்கமாகத் தூவியிருந்ததால் அதற்குத் தண்ணீர் கூட வேண்டும். அது தலை சாய்ந்து, பழுத்து, சருகாகிவிட்டது. பேச்சி உள்ளேயிருந்து அழுத சத்தம் எனக்கு வெளியே கேட்டது.

"மதினி, என்னுத எடுத்துக்கிடுங்க. வாடாம இருக்கு," என்றாள்.

"சும்மா கெட ஏளா. ஆத்தா பாரி இதுதான். செத்தாலும் இதுதான் முன்னால போகும்."

வெளியே வந்தவரிடம் நான் கிட்டப் போனேன். "மதினி" என்றேன். என்னைத் தாண்டி முருகனைப் பார்த்து, "கடைக்கார அண்ணாச்சிய வழிய விடச் சொல்லு," என்றார்.

செவ்வாய்

கொடை அன்று நான்கு மணிக்குப் பாரி புறப்பட்டது. முன்னால் மேளம், பக்கத்தில் போலீஸ், பிறகு மதினி. தலையில் அந்தக் காய்ந்த பாரி. பூ சுற்றி மறைக்கலாம் என்று யாரோ சொன்னதற்கு, வேண்டாம், எல்லாவனும் பார்க்கட்டும் என்று சொல்லிவிட்டாராம். அவர் பின்னால் இருபது பானை, வாடினதும் வாடாததுமாக.

முதல் பாரி வரி வீடுகளின் வாசலில் நிற்கும். வீட்டு ஆண், பாரி எடுத்தவர் காலில் மஞ்சள் தண்ணீர் ஊற்றிக் கும்பிட வேண்டும். அதுதான் முறை. மேலத்தெருவில் எல்லா வீட்டிலும் ஊற்றினார்கள். கீழத்தெருவுக்குள் திரும்பியதும் கதவுகள் சாத்தியிருந்தன. தங்கராஜ் அண்ணாச்சி வீட்டு இரும்புக் கேட்டுக்கு உள்ளே கார் நின்றது, ஆள் இல்லை. தன் தாய் எத்தனையோ வருடம் வந்து நின்ற வாசல் அது. மதினி அங்கேயும் நிற்க வேண்டிய நேரம் நின்றுவிட்டுத்தான் நகர்ந்தார்.

எங்கள் வாசல் வந்தது. நான் செம்போடு ரோட்டில் இறங்கி நின்றேன். பேச்சி பாரி வரிசையில் இருந்து என்னையே பார்த்தாள். கீழத்தெரு ஜன்னல்களுக்குப் பின்னாலும் ஆட்கள் நின்று பார்ப்பது எனக்குத் தெரியும். பார்க்கட்டும்.

மதினி நின்றார். பானையின் சருகு ஒன்று அவர் நெற்றியில் ஒட்டியிருந்தது. நான் குனிந்து செம்பைச் சாய்க்கப் போனேன்.

"பயிரு தவிச்சப்ப ஊத்தல," என்றார். சத்தமே இல்லை குரலில். "எங்காலுக்கு எதுக்கு இப்போ?"

சொல்லிவிட்டு நடந்தார். செம்பு சாய்ந்துவிட்டது, நிமிர்த்த எனக்குத் தோன்றவில்லை. தண்ணீர் தார் ரோட்டில் விழுந்து, பின்னால் வந்த பெண்கள் என்னைத் தாண்டி முடிப்பதற்குள் காய்ந்துபோனது.